பெயர் பொறித்த கல்

ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரி செல்லும் வழியில் சானமாவு என்னும் சிற்றூர் உள்ளது. ஊரை அடுத்துக் காப்புக்காடு ஒன்று பரந்து கிடக்கின்றது. கேழ்வரகுக் கதிர் முற்றும் பருவத்தில் கருநாடகக் காடுகளிலிருந்து யானைக் கூட்டங்கள் வந்து அக்காட்டில் தங்கும். இருள் சூழ்ந்ததும் வயலில் இறங்கும். உழவர் கண் துஞ்சாது காவல் காப்பர். காட்டுக்கு அப்பால் ஓசூரின் தொழிற்சாலைகள் இரவும் பகலும் இயங்குகின்றன. நெடுஞ்சாலையில் சரக்கேற்றிச் செல்லும் லாரிகளுக்கு ஓய்வில்லை. யானையைப் பற்றியும் ஆலையைப் பற்றியும் பலரும் பேசுகின்றனர். ஆனால் கிருஷ்ணகிரி, தருமபுரி வட்டாரங்களில் வயல் வரப்பிலும் ஏரிக்கரையிலும் புளியமரத்தடியிலும் ஓசையின்றி நிற்கும் பழங்கற்கள் சிலவற்றைப் பற்றிப் பேசுவோர் மிகச் சிலரே. அவை நடுகற்கள்.

போரில் பட்ட வீரனுக்கு ஊரார் நட்ட கல்லே நடுகல். கன்னடம் பேசுவோர் அதனை வீரகல்லு என்பர். இப்பகுதி மக்கள் பலர் அக்கல்லில் உறைபவனை வேடியப்பன் என்று அழைத்து, எண்ணெய் பூசி, பூச்சூட்டி, பொங்கலிட்டு வழிபடுகின்றனர். சில கற்களில் வீரனது உருவம் ஒன்றே காணப்படும். ஒரு கையில் வில்லும் மறு கையில் வாளும் ஏந்திக் கால் பரப்பி நிற்பான். வேறு சில கற்களில் மூன்று அடுக்குகள் உண்டு. கீழடுக்கில் போர் நிகழ்கின்றது. நடுவடுக்கில் வானமகளிர் அவனைத் தாங்கிச் செல்கின்றனர். மேலடுக்கில் அவன் சிவலிங்கத்தின் முன் அமர்ந்திருக்கின்றான். படிக்கத் தெரியாதவரும் அவன் கதையை அறிந்துகொள்ளும்படி சிற்பி அதனைச் செதுக்கி வைத்தான்.

நடுகல் நடும் வழக்கம் தமிழகத்தில் மிகத் தொன்மையானது. கல்லைத் தேர்ந்து காண்பது முதல் வாழ்த்துவது வரை அதற்குரிய நிலைகளைத் தொல்காப்பியம் வகுத்துரைக்கின்றது. தேனி மாவட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006ஆம் ஆண்டு கண்டெடுக்கப்பட்ட நடுகற்களில் தமிழ் பிராமி எழுத்துகள் உள்ளன. தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சி மறைந்தபின் அவனுக்கு நட்ட கல்லைப் பற்றி ஔவையார் வருந்திப் பாடினார். அந்தத் தகடூரே இன்றைய தருமபுரி. ஆகவே, இந்நிலத்தார்க்கு நடுகல் என்பது எங்கோ ஏட்டில் படிக்கும் செய்தியன்று. வயலுக்குச் செல்லும் வழியில் நாள்தோறும் காண்பது.

அதியமான் வேந்தன். அவனுக்குக் கல் நட்டதில் வியப்பில்லை. வியப்புக்குரியது வேறு. இன்று கிடைத்துள்ள நடுகற்களுள் மிகப் பல, வேந்தர்க்கு நடப்பட்டவை அல்ல. ஊரின் மாட்டு மந்தையை மாற்றார் கவர்ந்து செல்லும்போது மறித்து நின்று மாண்ட எளிய மனிதர்க்கு நடப்பட்டவை. அக்காலத்தில் மாடே செல்வம். மந்தை போயின் ஊரே பட்டினி கிடக்கும். தொறு எனப்பட்ட அம்மந்தையை மீட்கப் பொருதவனுக்கே ஊர் கடன்பட்டிருந்தது. அக்கடனைக் கல்லில் எழுதி வைத்தது.

அவ்வெழுத்தின் முறை கருதத்தக்கது. முதலில் மன்னன் பெயரும் அவனது ஆட்சியாண்டும் வரும். அடுத்து, வீரன் எந்தத் தலைவனுடைய சேவகன் என்பது வரும். பிறகு அவன் பெயர். எந்த ஊர்த் தொறுவை மீட்கையில் எவ்வாறு பட்டான் என்பது. இறுதியில், இஃது இன்னான் கல் என்று முடியும். மன்னனுக்கு ஒரு வரி. சேவகனுக்கும் ஒரு வரி. திருவண்ணாமலை மாவட்டத்தில் செங்கத்தை அடுத்த எடுத்தனூரில் ஒரு நடுகல் உண்டு. பல்லவன் மகேந்திரவர்மன் காலத்தது. கருந்தேவகத்தி என்னும் வீரன் எருமைத் தொறுவைக் காத்துப் பட்டான் என்று அது கூறுகின்றது. அவன் உருவத்தின் பின்னே ஒரு நாயின் உருவமும் உள்ளது. தலைவன் வீழ்ந்த பின்னும் கள்வர் இருவரைக் கடித்து அவனருகே காத்து நின்றதாம் அந்நாய். அதன் பெயர் கோவிவன். ஆயிரத்து நானூறு ஆண்டுகளுக்கு முன்பு எருமை காத்த ஒரு சேவகனின் பெயரையும் அவன் வளர்த்த நாயின் பெயரையும் இன்றைய பள்ளி மாணவன் ஒருவன் கூற முடிகின்றது.

இதனை நினைவிற்கொண்டு, அதற்குப் பல நூற்றாண்டுகள் கழித்து இதே நிலத்தில் நடந்த போர்களை நோக்குதல் வேண்டும்.

பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மைசூரை ஆண்ட ஐதர் அலியும் அவர் மைந்தர் திப்பு சுல்தானும் ஆங்கிலேயக் கும்பெனியை எதிர்த்து நான்கு போர்கள் நிகழ்த்தினர். 1767 முதல் 1799 வரை முப்பத்திரண்டு ஆண்டுகளில் ஓசூர், பாகலூர், இராயக்கோட்டை, கிருஷ்ணகிரி ஆகிய ஊர்களெல்லாம் படைகளின் காலடியில் மிதிபட்டன. மலைமேல் கோட்டை, மலையடியில் ஊர் என்ற அமைப்பே இப்பாராமகால் நாட்டின் இயல்பு. 1791 ஜூலையில் இராயக்கோட்டையும் ஓசூரும் ஆங்கிலேயர் வசமாயின. அவ்வாண்டு நவம்பரில் மாக்ஸ்வெல் என்னும் தளபதி இரவோடிரவாகக் கிருஷ்ணகிரிக் கோட்டையைத் தாக்கினான். ஏணி சாத்தி ஏற முயன்றவர்கள்மீது மேலிருந்தோர் பாறைகளை உருட்டித் தள்ளினர். செங்குத்தான அம்மலையில், இருளில், உருண்டு வரும் பாறைக்கு ஒதுங்க இடமேது? தாக்குதல் தோற்றது. எட்டாண்டுகளுக்குப் பின் 1799இல், தளபதி ஹாரிஸின் பெரும்படை இராயக்கோட்டை வழியே மைசூர் நாட்டுக்குள் புகுந்தது. மே 4ஆம் நாள் சீரங்கப்பட்டணம் வீழ்ந்தது. திப்பு சுல்தான் போரிலேயே மாண்டார்.

கிருஷ்ணகிரி மலையில் அன்றிரவு ஏறியவர் யார்? பாறையை உருட்டியவர் யார்? ஏறியவருள் மதராஸ் சிப்பாய்கள் இருந்தனர். மேலே நின்றவர் மைசூர்ப் படையினர். தமிழும் கன்னடமும் தெலுங்கும் இருபுறத்தும் ஒலித்திருக்கும். மாக்ஸ்வெல்லின் பெயரையும் ஹாரிஸின் பெயரையும் நூல்கள் கூறுகின்றன. வீழ்ந்த சிப்பாய்கள் கணக்கேட்டில் எண்ணாக நின்றனர்; கோட்டையைக் காத்தவர்க்கு அந்த எண்ணும் வாய்க்கவில்லை. எருமை காத்த சேவகனுக்கு ஒரு கல். கோட்டை காத்தவனுக்கு ஒன்றுமில்லை. இடைப்பட்ட ஆயிரம் ஆண்டுகளில் எதுவோ ஒன்று தவறிப்போயிற்று.

தவறியது யாது? நடுகல் காலத்தில் வீரன் தன் ஊருக்காகத் தன் ஊரருகே பட்டான். கண்ணாரக் கண்டவரே கல் நட்டனர். கூலிப்படைக் காலத்திலோ அவன் மாதச் சம்பளத்திற்குப் பெயர் பதிந்து, எங்கோ ஓரிடத்தில், யாருக்காகவோ பட்டான். கண்டவர்க்கு அவன் ஊர் தெரியாது. ஊரார்க்கு அவன் பட்ட இடம் தெரியாது. இவ்விரண்டுக்கும் இடையில் பெயர் விழுந்து போயிற்று.

இக்குறை மிக வெளிப்படையாகத் தெரிவது முதல் உலகப்போரின் நினைவுக் கற்களில்தான். 1914இல் தொடங்கிய அப்போரில் இந்தியர் பதின்மூன்று இலட்சம் பேர் கடல் கடந்து பணி புரிந்தனர். உயிர் நீத்தோர் எழுபதினாயிரம் அளவினர். போர் முடிந்தபின், ஆட்களை மிகுதியாக அனுப்பிய ஊர்களில் ஆங்கில அரசு கல்வெட்டுகளைப் பதித்தது. தமிழ்நாட்டில் அத்தகைய கற்களை இன்றும் சில ஊர்களில் காணலாம். வேலூர் லாங் பஜாரில் உள்ள மணிக்கூண்டில் ஒன்று உண்டு. இவ்வூரிலிருந்து 277 பேர் பெரும்போருக்குச் சென்றனர் என்றும், அவருள் 14 பேர் உயிர் துறந்தனர் என்றும் அது தெரிவிக்கின்றது. அவ்வளவே. அந்தப் பதினால்வர் யாவர்? எவருடைய மக்கள்? எங்கே வீழ்ந்தனர்? கல் வாய் திறப்பதில்லை. கடைத்தெருவில் நடப்போர் அதனைக் கடந்து செல்கின்றனர். நின்று படித்தாலும் நெஞ்சில் தங்குவதற்கு அதில் ஒன்றுமில்லை.

பதினான்கு என்பது எண். எண் எவரையும் அழச் செய்வதில்லை.

அவர்கள் சென்ற போர்முனைகளுள் கொடியது மெசபடோமியா. இன்றைய ஈராக் நாடே அன்று அப்பெயரால் வழங்கியது. டைகிரிஸ் ஆற்றங்கரையில் குட் என்னும் ஊரில் தளபதி டவுன்ஷெண்டின் படை 1915 டிசம்பரில் துருக்கியரால் முற்றுகையிடப்பட்டது. படையில் பெரும்பாலோர் இந்தியர். வெளியிலிருந்து மீட்க வந்த படைகள் சேற்றிலும் வெள்ளத்திலும் சிக்கிப் பல்லாயிரவரை இழந்தும் ஊரை அடைய முடியவில்லை. உள்ளே தானியம் குறைந்துகொண்டே வந்தது. குதிரைகளைக் கொன்று உண்டனர். சமய வழக்கம் கருதி அவ்விறைச்சியைத் தொட மறுத்த இந்தியச் சிப்பாய்கள் பலர் சொறிகரப்பான் நோயால் மெலிந்து தேய்ந்தனர். ஏறத்தாழ ஐந்து திங்கள் பட்டினி கிடந்த பின், 1916 ஏப்ரல் 29ஆம் நாள் படை சரணடைந்தது. சரணடைந்த பதின்மூவாயிரம் பேரில் சிப்பாய்கள் பாலைவனத்தின் வழியே நடத்திச் செல்லப்பட்டனர். வழியில் வீழ்ந்தவர்க்குக் குழியும் இல்லை, கொள்ளியும் இல்லை.

மெசபடோமியப் போர்முனையில் மதராஸ் சாப்பர் படையினரும் பணி புரிந்தனர். சாப்பர் என்போர் படைக்குப் பாதை வகுப்பவர், பாலம் கட்டுபவர், கண்ணிவெடி அகற்றுபவர். 1780ஆம் ஆண்டிலிருந்து வரும் அப்படையின் தலைமையிடம் சானமாவிலிருந்து ஐம்பது கிலோமீட்டர் அளவிலுள்ள பெங்களூர். படை முழுவதும் அவர்களுக்கு வழங்கும் செல்லப்பெயர் 'தம்பி' என்பதாகும். வெள்ளைக்காரத் தளபதிகளும் அத்தமிழ்ச் சொல்லையே வழங்கினர். இனிய பெயர்தான். ஆயினும் எல்லார்க்கும் ஒரே பெயர் என்றால், ஒருவர்க்கும் பெயரில்லை என்பதும் அதனுள் அடங்கியிருக்கின்றது.

மெசபடோமியாவில் மாண்டவர்க்காக ஈராக்கின் பாஸ்ராவில் நினைவிடம் ஒன்று எழுந்தது. நாற்பதினாயிரத்துக்கும் மேற்பட்டோர்க்கு உரியது அது. அதில் ஆங்கிலேயச் சிப்பாய்களின் பெயர்கள் பொறிக்கப்பட்டன. இந்தியருள் அதிகாரிகளின் பெயர்கள் மட்டும் பொறிக்கப்பட்டன; மற்றவர் படைப்பிரிவின் பெயருக்குக் கீழே எண்ணிக்கையாக நின்றனர். பிரான்சு நாட்டில் நியூவ் ஷப்பேல் என்னுமிடத்தில் 1927இல் திறக்கப்பட்ட நினைவிடத்திலோ 4,700க்கும் மேற்பட்ட இந்தியரின் பெயர்கள் உள்ளன. ஒரே போர், ஒரே அரசு, ஒரே வகைச் சிப்பாய். ஐரோப்பியர் வந்து காணும் இடத்தில் பெயர் உண்டு, பாலைவனத்தில் இல்லை. இறந்தோர்க்குள் பதவியாலும் இனத்தாலும் வேற்றுமை பாராட்டுவதில்லை என்று கொள்கை வகுத்துக்கொண்ட கல்லறை ஆணையமே இதனைச் செய்தது. அவ்வாணையம் அமைத்த குழு 2021 ஏப்ரலில் வெளியிட்ட அறிக்கை இத்தவற்றை ஒப்புக்கொண்டது: பெரும்பாலும் கிழக்கு ஆப்பிரிக்கரும் எகிப்தியருமாகக் குறைந்தது 1,16,000 பேர் பெயரால் நினைக்கப்படவில்லை, அல்லது அறவே நினைக்கப்படவில்லை என்பது அதன் முடிவு. ஆணையமும் ஆங்கில அரசும் வருத்தம் தெரிவித்தன. நூறாண்டு கழித்து வந்த வருத்தம்; அதைக் கேட்க மகனும் இல்லை, பேரனும் அநேகமாக இல்லை.

பெயர் வேண்டுவது ஏன், எண்ணிக்கை போதாதோ என்று வினவுவோர் உண்டு. இலண்டனிலும் பாரிசிலும் பெயரறியா வீரன் ஒருவனை அடக்கம் செய்து, அவனை எல்லா வீரர்க்கும் அடையாளமாகப் போற்றினர். பெயரின்மையே பெருமை ஆகலாமே என்பர். அவ்வாதம் பொருந்தாது. உருத்தெரியாமல் சிதைந்த உடலுக்கு உரிய பெயரைத் தேடித் தேடிக் காணாது, அதன்பின் கைகூப்பி நின்றனர் அந்நாட்டார். தேடியும் கிடைக்காத பெயர் வேறு. தேடாமலே விட்ட பெயர் வேறு. சம்பளப் பட்டியலில் பெயர் இருந்தது. இறப்புச் செய்தி அனுப்பிய தாளில் பெயர் இருந்தது. விதவைக்கு ஓய்வூதியம் வழங்கிய புத்தகத்திலும் பெயர் இருந்தது. கல்லுக்கு வரும்போது மட்டும் அஃது இல்லாமற் போனதற்குப் போரைக் குறை கூற இயலாது.

வீரர் பெயரைக் கல்லில் பொறிப்பது போர்வெறியை வளர்க்கும் என்று அஞ்சுவோரும் உளர். அவர் அச்சம் நல்லெண்ணத்தால் பிறந்தது; ஆயினும் உண்மை அதற்கு மாறானது. போரை எளிதாக்குவது எண்ணே. பத்தாயிரவர் மாண்டனர் என்று நாளிதழில் படிப்பவன் அடுத்த பக்கத்தைப் புரட்டிவிடுவான். இன்னாருடைய மகன் இன்னான், வயது இருபத்திரண்டு, இன்ன ஊரில் வீழ்ந்தான் என்று தன் தெருமுனைக் கல்லில் நாள்தோறும் படிப்பவனுக்குப் போர் என்பது இன்னதென்று புலப்படும். அடுத்த போரை எவரேனும் விளையாட்டாகப் பேசினால், அவன் கண் அக்கல்லை நோக்கும்.

இரண்டாம் உலகப்போரில் நடந்த ஒரு நிகழ்ச்சி பெயரின் ஆற்றலைக் காட்டும். சுபேதார் சுப்பிரமணியன் மதராஸ் சாப்பர் படையைச் சேர்ந்தவர். காஞ்சிபுரம் பகுதியில் பிறந்தவர். 1944 பிப்ரவரி 24ஆம் நாள் இத்தாலியில் மிஞ்ஞானோ என்னுமிடத்தில் கண்ணிவெடி நிறைந்த நிலத்தின் நடுவே அவர் ஒரு சிறு குழுவுடன் பாதை வகுத்துக்கொண்டிருந்தார். தோழன் ஒருவனது கால் கண்ணி ஒன்றின்மேல் பட்டது. அவ்வகைக் கண்ணி மிதித்தவுடன் வெடிப்பதில்லை. சில நொடிகள் கழித்து மேலெழும்பி வெடித்துச் சூழ நின்றோரையெல்லாம் வீழ்த்தும். ஓடி ஒளிய அச்சில நொடிகள் போதும் என்று எண்ணுவோர் எண்ணலாம். சுப்பிரமணியன் ஓடவில்லை. கண்ணியின்மேல் குப்புற வீழ்ந்து அதன் வெடிப்பைத் தம் உடலில் ஏற்றார். உடனிருந்தோர் பிழைத்தனர். ஜார்ஜ் சிலுவை என்னும் உயரிய விருது மறைவுக்குப்பின் அவருக்கு வழங்கப்பட்டது. அதனால்தான் அவர் பெயர் இன்றும் தெரிகின்றது. விருது பெறாத வீரத்துக்கு அளவில்லை. அவற்றின் கதி யாது என்பதை வேலூர் மணிக்கூண்டைப் பார்த்து அறியலாம்.

அதே 1944ஆம் ஆண்டில், இத்தாலிக்கு நெடுந்தொலைவில், இம்பாலைச் சுற்றிய மலைகளில் மதராஸ் சாப்பர்கள் ஆங்கிலேயர் பக்கம் நின்று சாலையும் பாலமும் அமைத்தனர். எதிர்ப்பக்கத்திலும் இந்தியர் இருந்தனர். நேதாஜி சுபாஷ் சந்திரபோஸின் இந்திய தேசிய இராணுவத்தினர் அவர்கள். மலாயாத் தோட்டங்களில் பால்வெட்டிப் பிழைத்த தமிழர் பல்லாயிரவர் அதில் சேர்ந்திருந்தனர். ஜான்சி ராணிப் படையில் தமிழ்ப் பெண்டிரும் சேர்ந்தனர். அதன் தலைவி சென்னையில் பிறந்த மருத்துவர் லட்சுமி. இம்பாலிலும் பர்மாவிலும் துப்பாக்கிக் குண்டால் மாண்டவரைவிட மழையாலும் மலைக்காய்ச்சலாலும் பசியாலும் மாண்டவர் பலர். மாண்ட தம் தோழர்க்காக நேதாஜி 1945 ஜூலை 8ஆம் நாள் சிங்கப்பூர்க் கடற்கரையில் நினைவுச் சின்னமொன்றுக்கு அடிக்கல் நாட்டினார். இரண்டு திங்கள் கழித்து ஆங்கிலேயர் மீண்டும் அந்நகருட் புகுந்தவுடன் அதனை வெடிவைத்துத் தகர்த்தனர். ஒரு கல்லுக்கு வல்லரசே அஞ்சிற்று! 1995ஆம் ஆண்டில் சிங்கப்பூர் அரசு அவ்விடத்தில் அடையாளப் பலகை ஒன்றை நிறுவியது. இடம் மீண்டது, வீழ்ந்த தோட்டத் தொழிலாளரின் பெயர்கள் மீளவில்லை. சாப்பரும் தோட்டத் தொழிலாளியும் எதிரெதிர் நின்றனர். யார் பக்கம் நேரியது என்பதை வரலாறு ஆராய்க. இருவர் வீட்டிலும் தாய் காத்திருந்தாள் என்பதில் ஆராய ஏதுமில்லை.

நாடு விடுதலை பெற்றபின் இந்நிலை மாறியது என்பதையும் கூறுதல் கடமை. 1962 நவம்பர் 18ஆம் நாள் இலடாக்கில் ரெசாங்லா என்னும் கணவாயைக் குமாவுன் படையின் ஒரு பிரிவு காத்து நின்றது. பதினாறாயிரம் அடிக்கும் மேற்பட்ட உயரம், உறைபனி, பின்னிருந்து பீரங்கி உதவி கிட்டாதபடி நடுவே மலை. மேஜர் ஷைத்தான் சிங்கின் தலைமையில் நின்ற சற்றேறக்குறைய நூற்றிருபது பேரில் 114 பேர் கடைசித் தோட்டா வரை பொருது மாண்டனர். தப்பி வந்த சிலர் நடந்ததைக் கூறியபோது கேட்டவர் நம்பவில்லை. அடுத்த ஆண்டு பிப்ரவரியில் பனி விலகிய பின் சென்று பார்த்தனர். ஒவ்வொருவரும் தத்தம் பதுங்குகுழியில் படைக்கலத்தைப் பற்றியபடியே உறைந்து கிடந்தனர். மருத்துவ உதவியாளன் கையில் ஊசிக்குழல் இருந்தது. அவர்கள் பெயர்கள் இன்று சுசூல் நினைவிடத்தில் பொறிக்கப்பட்டுள்ளன. அரியானாவின் அகீர் குடிகளில் பிறந்த உழவர் மக்கள் பெரும்பாலோர்; அவ்வூர்களில் இன்றும் அப்பெயர்களைச் சொல்லிச் சிறுவரை வளர்க்கின்றனர்.

தமிழகத்தினின்று சென்றோரும் குறைந்தவரல்லர். 1999 மே மாத இறுதியில் கார்கில் போரின் தொடக்க நாள்களில், திருச்சிராப்பள்ளியைச் சேர்ந்த மேஜர் சரவணன் படாலிக் மலைமேல் பகைவர் அரணைத் தாக்கி வீழ்ந்தார். குண்டு மழையால் உடலை உடனே மீட்க இயலவில்லை. ஒரு திங்களுக்கு மேல் அது பனியிலேயே கிடந்தது. பின்னர் ஊர் திரும்பியபோது திருச்சி நகரமே தெருவில் நின்றது. 2020 ஜூன் 15ஆம் நாள் கல்வான் பள்ளத்தாக்கில் இராமநாதபுரம் மாவட்டத்து ஹவில்தார் பழனி உட்பட இருபதின்மர் மாண்டனர். இரண்டே நாளில் இருபது பெயர்களும் நாடெங்கும் தெரிந்தன. 2019 பிப்ரவரி 25ஆம் நாள் தில்லியில் திறக்கப்பட்ட தேசியப் போர் நினைவிடத்தில், விடுதலைக்குப்பின் மாண்ட இருபத்தையாயிரத்துக்கும் மேற்பட்ட வீரர் பெயர்கள் கருங்கல்லில் பொறிக்கப்பட்டுள்ளன. அங்கே மேஜருக்கு ஒரு வரி. சிப்பாய்க்கும் ஒரு வரி. எடுத்தனூர்க் கல்லின் நீதி அதுவே.

ஆனால் தில்லி தொலைவிலுள்ளது. சானமாவு போன்ற ஊர்ப் பள்ளியில் படிக்கும் மாணவருள் எத்தனை பேர் அங்குச் சென்று அச்சுவரைத் தடவிப் பார்க்க இயலும்? நடுகல்லின் சிறப்பு அதன் எழுத்தில் மட்டும் இல்லை. அது நின்ற இடத்திலும் உண்டு. வீரனை அறிந்தவர் நடக்கும் வழியிலே அது நின்றது. கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொரப்பள்ளி என்னும் சிற்றூரில் பிறந்த இராஜாஜி, 1948இல் நாட்டின் தலைமை ஆளுநர் ஆனார். அவர் பிறந்த வீட்டை அரசு நினைவில்லமாகப் போற்றுகின்றது. அது தக்கதே. அதேபோல், ஓர் ஊரிலிருந்து படைக்குச் சென்று திரும்பாதவன் ஒருவனே ஆயினும், அவன் பெயர் அவ்வூரில் நிற்றல் வேண்டும்.

இதற்குப் பெரும்பொருள் வேண்டும் என்று தயங்குவதற்கில்லை. கிருஷ்ணகிரி மாவட்டம் கருங்கல்லுக்குப் பெயர் பெற்றது. தமிழ்நாட்டுக் கருங்கல் அறுக்கப்பட்டு, பளபளப்பாக்கப்பட்டு, கல்லறைக் கற்களாகக் கடல் கடந்து செல்கின்றது. அயல்நாட்டில் இறந்தோரின் பெயர்கள் அவற்றில் பொறிக்கப்படுகின்றன. அக்கல் கிளம்பும் ஊரில் அதற்குரிய பெயர்கள் இல்லாமலா போயின?

கல்லைவிட அரியது பெயரே. அதனைத் திரட்டும் பணி கல்தச்சனுடையதன்று. மாவட்டந்தோறும் முன்னாள் படைவீரர் நல அலுவலகம் உள்ளது. ஊர்தோறும் முதியோர் உள்ளனர். பழைய தகரப் பெட்டிகளில் பதக்கமும் ஓய்வூதியப் புத்தகமும் துணியில் சுற்றிக் கிடக்கின்றன. முதல் உலகப்போருக்குச் சென்றவரைப் பாட்டனார் வழியாகக் கேட்டறிந்தோர் சிலர் இன்னும் இருக்கின்றனர். பத்தாண்டு கழிந்தால் அவரும் இரார். ஒரு பள்ளியின் ஒன்பதாம் வகுப்பு மாணவர் விடுமுறை நாள்களில் தெருத்தெருவாகச் சென்று கேட்டால் ஓர் ஊரின் பட்டியல் கிடைத்துவிடும். கிராம சபையில் அதனைப் படித்துப் பிழை திருத்தலாம். யார் எழுத்தில் பெயர் எப்படி இருந்தது, தந்தை பெயர் யாது, எந்தப் படைப்பிரிவு என்பவற்றில் முதியோர் வழக்கிடுவர். அந்த வழக்கும் நல்லதே, அது நடக்கும் வரையில் இறந்தவன் ஊரில் பேசப்படுகின்றான் அன்றோ?

கல்லில் எழுதுவதற்கு நடுகல்லே வாய்பாடு தருகின்றது. ஆண்டு; படைப்பிரிவு; தந்தை பெயர்; அவன் பெயர்; பட்ட இடம். புகழ்மொழி ஒன்றும் வேண்டா. செங்கம் பக்கத்துக் கற்களில் புகழ்மொழி இல்லை. வேலூர்ப் பதினால்வரின் பெயர்கள் எந்த ஆவணத்திலேனும் இருக்குமாயின், மணிக்கூண்டில் அந்த எண்ணுக்குக் கீழே பதினான்கு வரிக்குப் போதிய இடத்தை யாரேனும் அளந்து பார்க்கலாம்.